சனிக்கிழமைக் கொங்கிரீட்

கொழும்பு ஹெவ்லொக் டவுனிலோ வெள்ளவத்தையிலோ ஒரு லேனில் நெடுநாள் குடியிருப்பவரைக் கேட்டுப் பாருங்கள். பிளானில் இல்லாத தட்டு எப்போது எழும்பும் என்று சொல்லிவிடுவார். வெள்ளிக்கிழமை பின்னேரத்துக்கும் திங்கட்கிழமை காலைக்கும் நடுவில் எழும்பும். போயா தினம் திங்களிலோ வெள்ளியிலோ விழுந்தால் இன்னும் வசதி. அந்த நாட்களில் மாநகர சபை பூட்டு, புதுக்கடையில் நீதிமன்றங்களும் பூட்டு. கலவை லொறி லேனுக்குள் ரிவர்சில் வந்து நிற்கும், இரவோடு இரவாக தளம் போட்டு முடிந்துவிடும். திங்கட்கிழமை முறைப்பாடு கொடுக்கப் போகும் அயலவரிடம் இருப்பது முட்டுக்கம்புகள் மேல் காய்ந்துகொண்டிருக்கும் ஒரு தளத்தின் போட்டோ மட்டும்தான்.

நாட்காட்டி பார்க்கத் தெரிந்தவர்கள் ஒப்பந்தக்காரர்கள் மட்டுமல்ல. கொம்பனித்தெரு மியூஸ் வீதியில் நெடுங்காலம் வாழ்ந்த குடும்பங்களின் வீடுகள் பொலிஸாரும் படையினரும் சூழ்ந்து நிற்க இடிக்கப்பட்டது 2010 மே 8 அன்று. அதுவும் சனிக்கிழமைதான். ஒரு மனுவைத் தட்டச்சு செய்து, சட்டத்தரணியைப் பிடித்து, நீதிமன்றப் படி ஏறுவதற்குள் வீடு மண்ணாகிவிட்டால் தடையுத்தரவு எதைத் தடுப்பது? இடிந்த வீட்டுக்கு நீதிமன்றம் நட்டஈடும் மாற்று வீடும் சொல்லலாம். வீட்டைத் திருப்பித் தர முடியாது.

கட்டட வழக்குகளில் தடையுத்தரவு என்பது காலத்தைப் பங்கிட்டுக் கொடுக்கும் கருவி. யாருக்கு எவ்வளவு காலம் கிடைக்கிறது என்பதுதான் கொழும்பில் பெரும்பாலும் வழக்கின் முடிவையே தீர்மானிக்கிறது. தொடர்மாடி கட்டுபவருக்கு அது வருடக்கணக்கில் கிடைக்கிறது. தோட்டங்களில், அதாவது கொழும்பின் நெருக்கமான ஏழைக் குடியிருப்புகளில், இருப்பவர்களுக்கு மணிக்கணக்கில்கூடக் கிடைப்பதில்லை. சட்டப் புத்தகத்தில் இந்த வேறுபாட்டை எழுதி வைத்த பக்கம் எதுவும் இல்லை.

1890 முதல் 1895 வரை தேசாதிபதியாக இருந்த ஆர்தர் ஹெவ்லொக்கின் பெயரைத் தாங்கிய ஹெவ்லொக் டவுன், அகன்ற முற்றமும் பலா, மா மரங்களும் உள்ள தனி வீடுகளின் ஊராகத்தான் இருந்தது. வெள்ளவத்தை நூல் நூற்பு ஆலை நின்ற 18 ஏக்கரில் இப்போது ஹெவ்லொக் சிட்டி கோபுரங்கள் நிற்கின்றன. அந்தப் பெரிய திட்டங்கள் நம் பேச்சுக்கு வெளியே. அவற்றுக்குப் பொறியியலாளரும் வங்கியும் சட்டத்தரணிகளும் முதல் நாளிலிருந்தே உண்டு. நமது சிக்கல் 8, 10, 12 பேர்ச் காணிகளில் இருக்கிறது. 1983 இனக்கலவரத்துக்குப் பிறகும், 90களில் போர் வடக்கிலிருந்து மக்களைத் தள்ளியபோதும், வெள்ளவத்தைத் தொடர்மாடிகளுக்கான தேவை கூடியது. இங்கே வீடு தேடியவர்களில் கனபேருக்கு லண்டனிலோ டொரண்டோவிலோ ஒரு பிள்ளை இருந்தது, பணமும் அங்கிருந்து வந்தது. காணிக்காரர் காணியைக் கொடுப்பார், கட்டுபவர் கட்டுவார், கட்டிய வீடுகளில் சிலதைக் காணிக்காரர் எடுத்துக்கொள்வார். இந்தப் பங்குக் கணக்கில் ஐந்தாம் தட்டோடு நின்றால் கட்டுபவருக்கு மிச்சமில்லை. ஆறாவது தட்டுத்தான் இலாபம்.

1986ஆம் ஆண்டின் திட்டமிடல், கட்டட ஒழுங்குவிதிகள் ஒரு துண்டுக் காணியின் குறைந்தபட்ச அளவை 150 சதுர மீற்றராக, அதாவது ஏறத்தாழ 6 பேர்ச்சாக வைத்தன. காணியில் எத்தனை பங்கை மூடலாம், பின்புறம் எவ்வளவு வெளி விடவேண்டும், வீதியின் அகலத்துக்கு எத்தனை மாடி என்றெல்லாம் கணக்கு உண்டு. லேனின் அகலமோ அந்தக் காலத்து மாட்டுவண்டிக்கு அளந்தது. மரைன் டிரைவுக்கு இறங்கும் லேன்களில் இன்னொரு கணக்கும் சேரும்: உயர்நீர்க் கோட்டிலிருந்து நிலப்பக்கம் 300 மீற்றர் வரை கரையோர வலயம். 1981ஆம் ஆண்டின் கரையோரப் பாதுகாப்புச் சட்டப்படி அங்கே வேறொரு அனுமதியும் வேண்டும்.

விதிமீறல் எப்போதும் முழுக் கட்டடமாக வருவதில்லை. வெள்ளவத்தையில் ஒரு வழமையான தொடர்மாடியின் கீழே நின்று மேலே பாருங்கள். கீழ்த்தட்டு பிளானில் வாகனத் தரிப்பிடம். இப்போது அங்கே ரியூசன் வகுப்போ புடவைக் கடையோ நடக்கும், கார்கள் லேனில் நிற்கும். பின்சுவரில் விடவேண்டிய வெளிக்குள் சமையலறைகள் நீட்டிக்கொண்டிருக்கும். மொட்டை மாடியில் தண்ணீர்த் தாங்கிக்கும் லிஃப்ட் அறைக்கும் நடுவில் தகரக் கூரை போட்டு இரண்டு அறை வீடு ஒன்று. அதற்கும் ஒரு வாடகைக் குடும்பம் உண்டு. லேனுக்குள் தீயணைப்பு வண்டி வளைய முடியாது என்பதை அந்த வீட்டுக்காரர் அறிவார். ஆனாலும் கோயிலுக்கும் பள்ளிக்கூடத்துக்கும் கிட்ட இவ்வளவு மலிவாக வேறெங்கே கிடைக்கும்?

2017 மே 18 அன்று சாவோய் தியேட்டருக்கு அருகே சார்லிமன்ட் வீதியில், கட்டுமானம் நடந்துகொண்டிருந்த மாடிக் கட்டடம் ஒன்று இடிந்து விழுந்தது. 20க்கும் மேற்பட்டோர் காயமடைந்தனர், உயிரிழப்பும் நேர்ந்தது. மீதொட்டமுல்ல குப்பைமேடு சரிந்து ஒரு மாதம் கழித்து நடந்ததால், நகரின் நிர்வாகமே அழுகிவிட்டது என்ற கோபம் அப்போது எங்கும் இருந்தது. அனுமதியற்ற கட்டடங்கள் கொழும்பில் ஆயிரக்கணக்கில் உண்டு என்று அமைச்சு மட்டத்திலேயே பேசினார்கள். அடுத்த ஆண்டு பெப்ரவரி 14இல் கிராண்ட்பாஸ் பாபாப்புள்ளே இடத்தில் பழைய களஞ்சியம் ஒன்று விழுந்து 7 பேர் இறந்தார்கள். கொட்டாஞ்சேனைப் பக்கத்துப் பிரச்சினை பாதி இந்த வகைதான், சட்டத்தை மீறி எழும்பியது அல்ல, சட்டம் பராமரிக்க மறந்தது. அதை வேறொரு கட்டுரைக்கு விடுகிறேன்.

இடிக்க அதிகாரம் இல்லாமலா இத்தனையும் எழும்பின? அதிகாரம் தாராளமாக உண்டு. 1915ஆம் ஆண்டின் வீடமைப்பு, நகர மேம்பாட்டுக் கட்டளைச் சட்டமே அங்கீகரிக்கப்பட்ட பிளான் இல்லாமல் கட்டக்கூடாது, இணக்கச் சான்றிதழ் இல்லாமல் குடியேறக்கூடாது என்கிறது. 1978இல் நகர அபிவிருத்தி அதிகாரசபைச் சட்டம் வந்தது. 1982இல் 4ஆம் இலக்கத் திருத்தத்தால் அதில் 28அ பிரிவு நுழைந்தது. அனுமதியில்லாமலோ அனுமதிக்கு மாறாகவோ கட்டினால் அதிகாரசபை எழுத்தில் அறிவித்தல் கொடுக்கும்: நிறுத்து, பழைய நிலைக்குக் கொண்டுவா, அல்லது அனுமதிப்படி மாற்று. குறித்த காலத்துக்குள் கேட்காவிட்டால் நீதவானிடம் போய் இடிப்பதற்குக் கட்டாயக் கட்டளை கேட்கலாம். எதிராளிக்கு அறிவித்தல் கொடுத்து, விடயம் அப்படித்தான் என்று திருப்தி வந்தால் நீதவான் கட்டளையிட வேண்டியதுதான். அனுமதி இருந்ததா, அதன்படி கட்டியதா என்ற இரண்டு கேள்விக்குள் அடங்கும் விசாரணை இது.

காகிதத்தில் இது மாதக் கணக்கில் முடியும் வேலை. நடப்பில் நீதவானின் கட்டளை கிடைத்த அன்றுதான் வழக்கு உண்மையில் தொடங்குகிறது. கட்டளைக்கு எதிராக மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனு. அங்கே இடைக்காலத் தடை. இன்னொரு பக்கம், அறிவித்தலே சட்டப்படி இல்லை என்று மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு, அங்கேயும் இடைக்காலத் தடை. அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரை தரும் அந்த எழுத்தாணை அதிகாரம் மிக அவசியமானது. அதிகாரியின் பேனாவுக்கு அது ஒரு முக்கியமான கடிவாளம். குறை அந்த அதிகாரத்தில் இல்லை, இடைக்காலக் கட்டளையின் வாசகத்தில் இருக்கிறது. அதைப் பிறகு பார்ப்போம்.

நீதிபதிகள் ஏன் இவ்வளவு எளிதில் தடை கொடுக்கிறார்கள் என்று லேன்காரர்கள் கசந்து கேட்பார்கள். பணம் விளையாடுகிறது என்று சிலர் ஒரே சொல்லில் முடித்துவிடுவார்கள். அது சோம்பேறிப் பதில். இடைக்கால நிவாரணத்துக்கு நம் நீதிமன்றங்கள் பார்க்கும் அளவுகோலை ஃபீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்க எதிர் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் என்ற 1981ஆம் ஆண்டுத் தீர்ப்பு தெளிவாக வைத்தது. மனுதாரருக்கு முதற்பார்வையில் ஒரு வழக்கு இருக்கிறதா? தடை கொடுத்தால் யாருக்கு இடைஞ்சல், கொடுக்காவிட்டால் யாருக்கு? மனுதாரரின் நடத்தை நிவாரணத்துக்குத் தகுதியானதா? இரண்டாவது கேள்வியை வைத்து ஒரு கட்டடத்தைத் தூக்கிப் பாருங்கள். தடை மறுத்தால் நாளைக்கே சுவர் போய்விடும், பிறகு மனுதாரர் வென்றாலும் பயனில்லை. தடை கொடுத்தால் அயலவருக்குக் காற்றும் வெளிச்சமும் இன்னும் சில காலம் குறையும், அவ்வளவுதான். தராசு எப்போதும் நிற்கும் கட்டடத்தின் பக்கமே சாயும். எந்த நேர்மையான நீதிபதியும் அந்தக் கட்டத்தில் அதையே செய்வார்.

ஆகவே கட்டுபவருக்கு ஒரே ஒரு வேலைதான்: வழக்கு வருவதற்கு முன் கட்டடத்தை நிற்க வைப்பது. சனிக்கிழமைக் கொங்கிரீட்டின் பின்னாலுள்ள சட்ட அறிவு இதுதான். நடத்தை பற்றிய மூன்றாவது கேள்வியை நீதிமன்றங்கள் கடுமையாகக் கேட்டிருந்தால் இந்தக் கணக்கு தவறியிருக்கும். அறிவித்தல் கையில் கிடைத்த பிறகும் தளம் போட்டவர் சுத்தமான கையோடு நீதிமன்றத்துக்கு வருகிறவரா?

இடைக்காலக் கட்டளை ஒரு கட்டடத்தை எப்படி வளர்க்கும் என்பதற்குக் கேரளத்து மரடுவைவிடத் துல்லியமான உதாரணம் நம் பிராந்தியத்தில் இல்லை. கொச்சிக்கு அருகே காயலோரம் நான்கு அடுக்குமாடித் திட்டங்களுக்கு மரடு பஞ்சாயத்து 2006இல் அனுமதி கொடுத்தது. கரையோர விதி மீறப்பட்டிருப்பதைக் கண்டு 2007இல் அதே பஞ்சாயத்து விளக்கம் கேட்டது. கட்டுபவர்கள் கேரள உயர் நீதிமன்றத்துக்குப் போய் இடைக்காலப் பாதுகாப்பு வாங்கினார்கள். அந்தக் கட்டளையின் நிழலில் கோபுரங்கள் முடிந்தன, வீடுகள் விற்றன, குடும்பங்கள் பால் காய்ச்சிக் குடியேறின. 2019 மே 8இல் இந்திய உச்ச நீதிமன்றம் இடிக்கச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 ஆகிய இரு நாட்களில் வெடி வைத்து எல்லாம் தரைமட்டம். வீடு வாங்கியவர்களுக்கு முதற்கட்டமாகத் தலா 25 லட்சம் ரூபாய் இடைக்கால நட்டஈடு. 12 வருடம் ஓடிய வழக்கில் கட்டியவர் விற்றுவிட்டார், வாங்கியவர் பெட்டியோடு தெருவில் நின்றார். 2007இல் அந்தத் தடையோடு ஒரு வரி, தீர்ப்பு வரும்வரை மேலே கட்டவும் வேண்டாம் விற்கவும் வேண்டாம் என்று, சேர்ந்திருந்தால் இடிக்க வேண்டியிருந்தது சில தூண்கள் மட்டுமே.

சென்னை வேறு பாதையில் போயிற்று. 1998இல் நகர் ஊரமைப்புச் சட்டத்தில் 113-ஏ பிரிவைச் சேர்த்து, கட்டணம் வாங்கி மீறல்களை வரன்முறைப்படுத்தினார்கள். ஒரே தடவைதான் என்றார்கள். பிறகு கடைசித் திகதி தள்ளித் தள்ளிப் போனது. அந்த நீட்டிப்புகளைச் சென்னை உயர் நீதிமன்றம் 2006இல் செல்லாதாக்கியது. தி.நகர் ரங்கநாதன் தெருவில் நடந்து பார்த்தவருக்கு மிச்சக் கதையைச் சொல்லத் தேவையில்லை. கொழும்பில் இதன் சிறிய தம்பிக்கு ‘கவரிங் அப்ரூவல்’ என்று பெயர். கட்டி முடித்துவிட்டு, விதிக்குள் அடங்கும் பகுதிக்குக் கட்டணம் செலுத்திப் பின்தேதி அங்கீகாரம் கேட்பது. தெரியாமல் ஒரு சுவரை இரண்டு அடி தள்ளிக் கட்டிய ஓய்வுபெற்ற ஆசிரியருக்கு இது நியாயமான வழி. ஆனால் தொழிலாகக் கட்டுபவர் அந்தக் கட்டணத்தை முதல் நாளே செலவுக் கணக்கில் எழுதி வைத்துக்கொள்கிறார். விண்ணப்பம் நிலுவையில் இருக்கிறது என்பதே இடைக்காலத் தடை கேட்க ஒரு காரணமாகவும் ஆகிவிடுகிறது.

அயலவரின் கதையையும் பார்க்க வேண்டும். தடையுத்தரவு அவருக்கும் திறந்த கதவுதான். அத்திவாரத்துக்குப் பைலிங் இறக்கும்போது பக்கத்து வீட்டுச் சுவர் வெடிக்கிறது என்றால், அயல்நிலத்தின் தாங்குதலைப் பறிக்கக் கூடாது என்ற ரோமன்-டச்சுச் சட்டக் கொள்கை அவருக்குத் துணை. மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, குடியியல் நடவடிக்கைக் கோவையின் 664ஆம் பிரிவின்கீழ், எதிர்த்தரப்பைக் கேட்பதற்கு முன்பே ஒரு தடைக்கட்டளை வாங்கலாம். அது முதல் தடவை 14 நாளுக்கு மேற்படாது, தேவையென்றால் நீட்டலாம். இந்த 14 நாளுக்குள் அறிவித்தல் சேரவேண்டும், எதிர்த்தரப்பு ஆட்சேபனை தாக்கல் செய்யவேண்டும், மனுதாரர் ஒரு பட்டயப் பொறியியலாளரின் அறிக்கையைக் காட்டவேண்டும். சட்டத்தரணிக்கும் பொறியியலாளருக்கும் கொடுக்கும் காசில் சுவரையே திருத்திவிடலாம் என்று பலர் பாதியில் கைவிடுகிறார்கள். இன்னும் சிலர் கட்டுபவரிடம் சுவர் பூசும் காசு வாங்கிக்கொண்டு சமாதானமாகிறார்கள். மாநகர சபை தன் கடமையைச் செய்யட்டும் என்று ஆணையீட்டு எழுத்தாணை கேட்டுப் போகிறவர்களும் உண்டு. அப்படிப் போனால் வாதம் ஒரு இடத்தில் முட்டும்: சட்டம் அதிகாரசபைக்கு ‘செய்யலாம்’ என்றுதானே விட்டிருக்கிறது, ‘செய்தே ஆகவேண்டும்’ என்றா?

சோலைவரி விடயத்தில் ஒரு வேடிக்கை உண்டு. அனுமதியில்லாத தட்டுக்கும் மாநகர சபை மதிப்பீடு செய்து வரி அறவிடும். வரி கட்டிய பற்றுச்சீட்டு அங்கீகாரம் ஆகாது என்பது சட்டம். வீடு வாங்க வருகிறவரிடம் தரகர் முதலில் நீட்டுவது அந்தப் பற்றுச்சீட்டைத்தான்.

வாங்குகிறவர் கேட்கவேண்டிய காகிதம் சீ.ஓ.சி., அதாவது இணக்கச் சான்றிதழ். 1973ஆம் ஆண்டின் தொடர்மாடி உரிமைச் சட்டப்படி ஒவ்வொரு வீட்டுக்கும் தனி உறுதி எழுத, கட்டடத்தின் கூட்டு ஆதன வரைபடம் பதிவாகவேண்டும். சீ.ஓ.சி. இல்லாமல் அது நகராது. ஆறாம் தட்டு பிளானில் இல்லையென்றால் ஆறாம் தட்டுக்காரருக்கு மட்டுமல்ல, ஒழுங்காக அங்கீகரிக்கப்பட்ட இரண்டாம் தட்டுக்காரருக்கும் உறுதி தடைப்படும். வெள்ளவத்தையில் வருடக்கணக்காக உறுதி இல்லாமல், ஒப்பந்தக் கடதாசியோடு வாழும் குடும்பங்களின் சிக்கல் பெரும்பாலும் இங்கேதான் முடிச்சு விழுந்திருக்கிறது. இடிப்பு வழக்கில் அறிவித்தல் கட்டியவர் பெயருக்கு வரும். குடியிருப்பவர் வழக்கில் தலையிட வேண்டுமென்றால் என்ன உரிமையைக் காட்டுவார்? முழுப் பணமும் கொடுத்துவிட்ட அவரிடம் சட்டம் மதிக்கும் காகிதம் இல்லை. கட்டியவரோ அடுத்த லேனில் வேறு கம்பனிப் பெயரில் அத்திவாரம் தோண்டிக்கொண்டிருப்பார்.

இனித் தோட்டத்துப் பக்கம். 2010இல் நகர அபிவிருத்தி அதிகாரசபை பாதுகாப்பு அமைச்சின் கீழ் போனது. கொழும்பில் 68 ஆயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் குறைவசதிக் குடியிருப்புகளில் இருப்பதாகக் கணக்குக் காட்டி, அவர்களை மாடிகளுக்கு மாற்றி நிலத்தை விடுவிக்கும் திட்டம் ஓடியது. அரச காணி என்று சொல்லக்கூடிய இடங்களில் 1979ஆம் ஆண்டின் அரச காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டம் இருக்கிறது. அதன்கீழ் குடியிருப்பவர் நீதவான் முன் காட்டக்கூடிய எதிர்வாதம் ஒன்றே ஒன்று: செல்லுபடியாகும் எழுத்து அனுமதி. எத்தனை தலைமுறை இருந்தோம், சோலைவரி கட்டினோம், தண்ணீர் இணைப்பு அரசாங்கமே தந்தது என்பதெல்லாம் அங்கே எடுபடாது. மாற்றுக் கொள்கைகளுக்கான நிலையம் 2014இல் வெளியிட்ட ஆய்வைப் படித்தால், அப்புறப்படுத்தப்பட்டவர்களில் உறுதி வைத்திருந்தவர்களும் உண்டு என்பது தெரியும். சார்லிமன்ட் வீதிக்கு அறிவித்தல், மீளாய்வு, எழுத்தாணை என்று படிகள் இருக்க, மியூஸ் வீதிக்கு ஒரு சனிக்கிழமை போதுமாயிருந்தது.

இந்தியாவில் இதே கேள்வி புல்டோசர் வடிவில் வந்தது. டெல்லி ஜஹாங்கிர்புரியில் 2022 ஏப்ரல் 20 அன்று இருந்த நிலை தொடரட்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகும் ஒரு மணி நேரத்துக்கு மேல் இயந்திரம் ஓடியது. 2024 நவம்பர் 13இல் அதே நீதிமன்றம் இடிப்புக்கு முன் குறைந்தது 15 நாள் அறிவித்தல் வேண்டும் என்று விதித்தது. ஒரு மாதம் கழித்து, டிசம்பர் 17இல் வந்த மற்றொரு தீர்ப்பு மறுபக்கத்தைப் பிடித்தது: நிறைவுச் சான்றிதழ் இல்லாமல் வீட்டை ஒப்படைக்கக் கூடாது, வங்கி அதைச் சரிபார்க்காமல் கடன் கொடுக்கக் கூடாது. இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும். இடிக்கும் அரசுக்கு வேகத்தடை, கட்டும் முதலாளிக்கும் வேகத்தடை.

நம் நீதிமன்றங்களுக்குப் புதுச் சட்டம் இல்லாமலே செய்யக்கூடிய காரியம் ஒன்று உண்டு. இடிப்பைத் தடுக்கும் ஒவ்வொரு இடைக்காலக் கட்டளையும் இருபக்கமும் கட்டவேண்டும்: அதிகாரசபை இடிக்காது, மனுதாரரும் கட்டமாட்டார், விற்கமாட்டார், புதிதாக ஆளைக் குடியேற்றமாட்டார். கட்டளை கொடுக்கும் நாளில் கட்டடம் எந்த நிலையில் நின்றது என்பதை அளந்து, படம் பிடித்துக் கோவையில் சேர்க்க ஓர் ஆணையாளரை அனுப்பினால், அடுத்த தவணையில் ஒரு தட்டு கூடியிருந்தால் யாரும் மறுக்க முடியாது. கூடியிருந்தால் தடையை அந்த நிமிடமே நீக்கலாம். தோட்டத்துக்கு வேறு மருந்து: வார இறுதியிலும் விடுமுறையிலும் குடியிருக்கும் வீட்டை இடிக்கக் கூடாது என்று அதிகாரசபையே ஒரு விதி எழுதிக்கொள்ளலாம். செலவில்லாத விதி.

மூன்றாவது, காணிப் பதிவகம். வீடு வாங்கும்போது நொத்தாரிசு முப்பது வருடப் பதிவேட்டைப் புரட்டுகிறார். ஈடு இருக்கிறதா, பங்குவழக்கு இருக்கிறதா, யார் யாருக்கு எழுதினார் என்று பார்க்கிறார். 28அ அறிவித்தல் கொடுக்கப்பட்ட திகதியும், நீதவான் கட்டளையும், மேலே வாங்கிய தடையும் அதே பக்கத்தில் ஏறவேண்டும் என்று ஒரு திருத்தம் வந்தால், ஆறாம் தட்டை வாங்க வந்தவர் முற்பணம் கொடுக்குமுன் சில நூறு ரூபாய்ப் பிரதிக் கட்டணத்தில் முழு வரலாற்றையும் வாசித்துவிடுவார். வாங்க ஆளில்லாத தட்டை எந்தச் சனிக்கிழமையிலும் யாரும் கட்டப்போவதில்லை.